லோமேல இருந்து சவலூ வரைக்கும்: எவே, மினா, ஃபோன் மொழிங்க பழகுறவங்களுக்கு

மேற்கு ஆப்பிரிக்கால டோகோவுக்கோ பெனினுக்கோ முந்திரி வேலையா வர்ற நம்ம பண்ருட்டி பசங்க போன் பண்ணா முதல்ல கேக்குறது "அண்ணே, அங்க பிரெஞ்சு தெரிஞ்சா போதுமா"ன்னு தான். பிரெஞ்சு தெரிஞ்சா பேங்க் வேலை ஓடும், கஸ்டம்ஸ் ஓடும், ஹோட்டல்ல சோறு கிடைக்கும். ஆனா ஊர் ஊரா கொட்டை சேத்து வெச்சிருக்குற அம்மா, மூட்டை தைக்குறவரு, எடை போடுறவரு, லாரி மேல உக்காந்திருக்குற பையன், இவங்கெல்லாம் தங்களுக்குள்ள பேசிக்கிறது பிரெஞ்சு இல்ல, உங்க விலை முடிவாகுறது அந்தப் பேச்சுல தான், அது புரியலன்னா நீங்க பக்கத்துல நின்னுட்டு சும்மா சிரிச்சிட்டு இருக்க வேண்டியது தான்.

அடுத்த கேள்வி, "சரி அப்ப எந்த மொழிய கத்துக்கணும், எவேவா ஃபோனா மினாவா". (ஃபோன்னு நான் எழுதுறது பெனின் தெற்குல பேசுற மொழி, கைல வெச்சிருக்குற போன் இல்ல. எவே கானா, டோகோ தெற்குல, மினா லோமே பக்கம்.) இங்க தான் கொஞ்சம் நிதானமா கேக்கணும். மேப்ல பாத்தா கானா, டோகோ, பெனின்னு மூணு நாடு நெட்டுக்குத்தா பக்கத்துல பக்கத்துல நிக்கும், ஆனா பேச்சு அப்படி கோடு போட்டு நிக்காது. கானாவோட வோல்ட்டா ஆத்துல ஆரம்பிச்சு கேட்டா, ஆன்லோகா, அஃப்லாவோ, டோகோ தலைநகர் லோமே, அனேஹோ, கிராண்ட் போப்போ, உயிடா, கோட்டனூ, போர்ட்டோ நோவோன்னு கடலோரமா நைஜீரியாவோட படாக்ரி வரைக்கும், உள்நாட்டுல ஹோ, க்பாலிமே, நோட்ஸே, அபோமே, சவலூன்னு மேல வரைக்கும், ஒரே குடும்பத்து பேச்சு தான், சுமார் இருபது வகை இருக்கு. பக்கத்து ஊருக்காரங்க ஒருத்தர ஒருத்தர் புரிஞ்சுக்குவாங்க, ஆனா கானா கடலோரத்துல கேட்டாங்குற ஊர்க்காரரையும் பெனின்ல அபோமேக்காரரையும் நேரா உக்கார வெச்சா ரெண்டு பேரும் முழிப்பாங்க. மொழியியல் ஆளுங்க இத க்பே மொழிகள்னு சொல்றாங்க. பெனின்காரரான காப்போங்குற மொழியியலாளர் 1980ல கோட்டனூ மாநாட்டுல முன்வெச்ச பேரு அது. அதுக்கு முன்னாடி மொத்தத்தையும் எவேன்னே சொல்லிட்டு இருந்தாங்க, ஃபோன்காரங்களுக்கு அது பிடிக்குமா? இந்தப் பேச்சு எல்லாத்துலயும் மொழி, குரல்ங்கிறதுக்கு க்பேன்னு தான் சொல்றாங்க, அதனால யாருக்கும் சண்ட இல்ல.

என் கணக்குல, தனித்தனியா மூணு மொழி கத்துக்கணும்னு உக்காந்தா ஒன்னும் தேறாது. ஒன்ன நல்லா பிடிங்க, பிடிச்சத வெச்சு அடுத்த ஊர்ல மாத்தி பேசக் கத்துக்குங்க, ஆனா மாறாதுன்னு நெனைச்சு ஏமாறுற சில விஷயத்த மட்டும் ஒவ்வொரு ஊர்லயும் புதுசா மனப்பாடம் பண்ணுங்க.

லோமேல குடி இருந்தா மினால ஆரம்பிங்க. கெங்னும் சொல்வாங்க. 17ஆம் நூற்றாண்டு கடைசில கானாவோட அக்ரா பக்கத்துல இருந்து வந்த கா இனத்து ஆளுங்களும், எல்மினா பக்கத்துல இருந்து வந்த படகுக்காரங்களும் அனேஹோ சுத்தி குடியேறினாங்க, அங்க இருந்து வளந்த பேச்சு இது. இன்னிக்கு டோகோ தெற்குல சந்தை மொழி இதான். வேக்ஸ்னு சொல்ற அச்சுத் துணி வித்தே பென்ஸ் கார் வாங்கின நானா பென்ஸ் அம்மாங்க பேர கேள்விப்பட்டிருப்பீங்க, லோமே பெரிய மார்க்கெட்டுல அவங்க ராஜ்யம் நடந்தப்ப ஓடினதும் இதே பேச்சு தான். மினா தெரிஞ்சா எவே பாதி தெரிஞ்ச மாதிரி, ஃபோனுக்கும் ஒரு காலு வெச்சாச்சு. புத்தகம் வெச்சு கத்துக்குறவங்களுக்கு மட்டும் எவே தான் வசதி, ஏன்னா அதுக்கு தான் எழுத்து வேலை நிறைய நடந்திருக்கு, ஜெர்மனில இருந்து வந்த பிரேமன் மிஷன் பாதிரிங்க 1847லயே கானா பக்கம் பெக்கிக்கு வந்து ஆரம்பிச்சாங்க, வெஸ்டர்மான்ங்குற ஜெர்மன்காரர் 1907ல இலக்கணமே போட்டுட்டார். ஆனா அந்த எழுத்து எவே கடலோர ஆன்லோ பேச்ச ஒட்டி வந்தது, அதுவே ஹோ, க்பாண்டோ பக்கம் உள்நாட்டுல போய் பேசினா நல்ல புத்தகத் தமிழ் பேசுற ஆள பாக்குற மாதிரி பாப்பாங்க.

மாத்தி பேசுறதுன்னு சொன்னேன்ல, அது எப்படின்னா சத்தத்துல ஒரு ஒழுங்கு இருக்கு. எவேல தண்ணி த்ஸி, ஃபோன்ல ஸின். எவேல நாளைக்குங்கிறது எத்ஸோ, ஃபோன்ல ஸோ. அதாவது எவேல த்ஸன்னு வந்தா ஃபோன்ல வெறும் ஸ. நெருப்புக்கு எவேல ட்ஸோன்னு இசட் சத்தத்தோட வரும், ஃபோன்ல முன்னாடி இருக்குற ட் விழுந்து வெறும் இசட் போட்டு ஸோ. முன்னாடி ஒட்டிக்கிற அவும் எவும் ஃபோன்ல பல இடத்துல காணாம போயிரும், மனுஷனுக்கு எவேல அமே ஃபோன்ல மே, வயலுக்கு எவேல அக்ப்ளே மாதிரி ஒன்னு, ஃபோன்ல க்ளே. வீடுக்கு எவேல அஃபே, ஃபோன்ல ஹ்வே, இது பாக்க சம்பந்தமே இல்லாத மாதிரி இருக்கும், ஆனா எவேல உதட்ட குவிச்சு ஊதுற அந்த ஃப வர்ற இடத்துல ஃபோன்ல ஹ்வ வர்றது வழக்கம் தான், வருஷத்துக்கும் இதே கதை. இந்த மாத்தம் ஒரு நாலஞ்சு பிடிபட்டாலே புது ஊர்ல காதுல விழுறதுல பாதி பழசாத் தெரிய ஆரம்பிக்கும்.

இப்ப ஏமாத்துற சமாச்சாரத்துக்கு வருவோம், காசு போறது இங்க தான்.

எண்ணு. எவேலயும் மினாலயும் மூணுன்னா எத்தோன், அஞ்சுன்னா அத்தோன். ஃபோன்ல மூணு தான் அத்தோன், அஞ்சு வந்து அத்தோஓன், இன்னும் மேல தூக்கி இழுத்து சொல்லணும். லோமேல பழகின காத எடுத்துட்டு போய் பெனின்ல போஹிகான்லயோ சவலூலயோ எடை மேடை பக்கத்துல நின்னா, அவங்க மூணு மூட்டைங்கிறத நீங்க அஞ்சுன்னு எழுதிக்குவீங்க, சாயங்காலம் கணக்கு பாக்கும்போது ரெண்டு மூட்டைக்கு யாரு திருடன்னு சண்ட வரும், யாரும் திருடன் இல்ல. ஆறுல இருந்து ஒம்போது வரைக்கும் ரெண்டு பக்கமும் ஒட்டவே ஒட்டாது, எவேல ஆறுக்கு "அதே"ம்பாங்க, ஏழு அத்ரே, எட்டு எஞி, ஃபோன்ல ஆறு அயிஸேன், அதுக்கு அப்புறம் அஞ்சோட கூட்டுற கணக்கு: ஏழு தென்வே, எட்டு தான்தோன், ஒம்போது தென்னே, பின்னாடி ஒட்டி இருக்குற வே, தோன், னே தான் ரெண்டு, மூணு, நாலு. ஒன்னே வேற, எவேல டெகா, ஃபோன்ல டொக்போ. அதனால எல்லைய தாண்டினா எண்ண மட்டும் புதுசா படிங்க, விரல காட்டி சொல்லுங்க, போன் கால்குலேட்டர்ல அடிச்சு காட்டுங்க, வெட்கப்பட ஒன்னும் இல்ல, அங்க எல்லாரும் அடிச்சு காட்டித்தான் பேரம் பேசுறாங்க.

அடுத்தது நாங்க, நீங்க. இது எவே, ஃபோன் ரெண்டுலயும் இருக்குற வலை. நாங்கன்னாலும் மி, நீங்கன்னாலும் மி, ஸ்வரம், அதாவது குரல் ஏத்த இறக்கம் மட்டும் தான் வேற. எவேல நாங்கங்கிறது மேல, நீங்கங்கிறது கீழ. "லாரி வாடகை மி குடுக்கணும்"னு சொல்லி முடிச்சுட்டு கை குலுக்கிட்டு போயிருவாங்க, அப்புறம் துறைமுகத்துல லாரி வந்து நிக்கும்போது தான் யாரு குடுக்கணும்ங்குற கேள்வி வரும். நம்ம ஸ்வரம் அங்க யாருக்கும் சரியா கேக்காது, அவங்க ஸ்வரம் நமக்கு சத்தத்துல கேக்காது. நான் பழக்கி வெச்சிருக்கிறது என்னன்னா காசு பேச்சுல மி வரவே கூடாது, ஆள் பேர சொல்லணும், கோம்லா குடுப்பாரு, கம்பெனி குடுக்கும், அவ்ளோதான்.

எத்ஸோவ மேல நாளைக்குன்னு சொன்னேன், அது பாதி உண்மை. எவேல நேத்தும் அதே எத்ஸோ தான், ஹிந்தில கல் மாதிரி. கூட வர்ற வினை தான் போன நாளா வர்ற நாளான்னு சொல்லும். வெறும் எத்ஸோன்னு மெசேஜ் வந்தா சரக்கு ஏத்தியாச்சா இனிமே தான் ஏத்தணுமான்னு உங்களுக்கு தெரியாது, கிழமைய கேட்டுக்குங்க.

அப்புறம் ஆ. இது தமிழ்க்காரனுக்குன்னே வெச்ச பொறி. நம்ம கேள்விக்கு கடைசில ஆ போடுறோம்ல, வந்தானா, குடுத்தியா. எவேலயும் கேள்விக்கு கடைசில அப்படி ஒரு ஆ வரும், காலைல பாத்தா "எஃபோன்ஆ"ம்பாங்க, நல்லா எந்திரிச்சியான்னு அர்த்தம், கேக்க நமக்கு சொகமா இருக்கும். ஃபோன்லயும் கேள்விக்கு கீழ இறங்குற ஆ உண்டு. ஆனா ஃபோன்ல இல்லைங்கிறதுக்கும் வாக்கியத்தோட கடைசில ஆ தான், அது கீழ இருந்து மேல ஏறும். "எ வா"ன்னா அவன் வந்தான். "எ வா ஆ"ன்னு இறக்கினா வந்தானா, ஏத்தினா வரல. நம்ம காதுக்கு ரெண்டும் கேள்வியாத்தான் விழும், டிரைவர் வரலன்னு அவர் சொல்லிட்டு இருப்பாரு, நாம "ஆமா ஆமா வந்துட்டாரு"ன்னு பதில் சொல்லிட்டு இருப்போம். எவேல இந்த குழப்பம் இல்ல, அங்க இல்லைன்னு சொல்ல வினைக்கு முன்னாடி ஒரு மே, வாக்கியம் முடியுறப்ப ஒரு ஓ. அதனால லோமேல கடைசில ஓ வருதான்னு கேளுங்க, பெனின்ல கடைசி ஆ ஏறுதா இறங்குதான்னு கேளுங்க. (ஆமா, வான்னா அங்கயும் வர்றது தான், எவேல உதட்ட பல்லுல வெச்சு வா. இத வெச்சு குமரிக்கண்டம் வரைக்கும் போயிடாதீங்க, ரெண்டும் தற்செயலா ஒத்துப் போனது.)

முறை சொல்லி கூப்புடுறதுலயும் பாத்து இருக்கணும். பேர மட்டும் சொல்லி பெரியவங்கள கூப்புடுறது அங்கயும் மரியாத இல்ல. எவேல ஃபோஃபோன்னா அப்பா, தாதான்னா அம்மா. பெனின் பக்கம் ஃபோஃபோன்னா அண்ணன், தாதான்னா அக்கா. லோமேல மினா பேசுறப்பவும் ஃபோஃபோன்னா பெரும்பாலும் அண்ணன் தான், அக்காவுக்கு தாவி. முப்பது வயசு ஆள கானால போய் ஃபோஃபோன்னா சிரிப்பாங்க, கோச்சுக்க மாட்டாங்க, அண்ணன்னா அங்க எஃபோ. எங்க போனாலும் வணக்கம் சொல்லாம விலை கேக்காதீங்க, காலைல நல்லா எந்திரிச்சீங்களா, வீட்டுல எல்லாரும் எந்திரிச்சாங்களா, புள்ளைங்க எந்திரிச்சாங்களான்னு அவங்க ஒரு சுத்து போவாங்க, அவசரப்படாம கூடவே போங்க. நன்றிக்கு லோமேல அக்பே, பெனின்ல அவானு. எடது கையால காசு குடுக்கக் கூடாதுன்னு நம்மளுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்ல.

நமக்கு சாதகமானதும் இருக்கு, அத விடக்கூடாது. நம்ம டவும் தவும் தனித்தனியா காதுல விழுறது பெரிய வரம். எவேலயும் ஃபோன்லயும் ட சத்தம் வேற, த சத்தம் வேற, ரெண்டும் தனி எழுத்து, தொண்டைல அதிர்ந்து வர்ற ட, த. எவேல "தா" பாம்பு, "டா" முடி. எங்க கூட வேல பாத்த பிரெஞ்சுக்காரங்க இந்த இடத்துல ரொம்ப திணறினாங்க, நமக்கு அது ஒரு வேலையே இல்ல.

இன்னொன்னு, நம்ம "தான்" மாதிரி ஒரு சொல்லு. எவேல ஒருத்தர் சொன்னத திருப்பி சொல்றப்ப, சொன்ன ஆளையே குறிச்சா யேன்னு ஒரு தனிச் சொல்லு போடுவாங்க. "கோஃபி பே யே ட்ஸோ"ன்னா தான் கிளம்பிட்டதா கோஃபி சொன்னான், கிளம்பினது கோஃபி தான். யேக்கு பதில் எ போட்டா கிளம்பினது வேற யாரோ. மொழியியல்காரங்க எவேய உதாரணமா காட்டுறது அதிகமா இந்த ஒரு சொல்லுக்காகத்தான், இங்கிலீஷ்ல "ஹி"ன்னு ரெண்டுக்கும் ஒன்னே. புரோக்கர் மூலமா வேல செய்றவங்களுக்கு இது தங்கம், ஏன்னா "மூட்டைய நாளைக்கு கொண்டு வர்றேன்னு கோம்லா சொன்னாரு"ங்கிறதுல கொண்டு வர்றது கோம்லாவா அவர் மச்சானான்னு அந்த யே காட்டிக் குடுத்துரும். பிரெஞ்சுல மொழிபெயர்த்து வாங்குனீங்கன்னா அந்த விவரம் வழியிலயே கொட்டிரும்.

இரட்டைக் கிளவி படிச்சு வளந்தவங்களுக்கு இன்னொரு விருந்து இருக்கு. நடந்தான்னு மட்டும் சொல்லாம, எப்படி நடந்தான்னு ஒரு சத்தத்த எவேக்காரங்க அடிக்கடி ஒட்டுவாங்க, வெஸ்டர்மான் நடக்குற ஒரு வினைக்கே பல டஜன் எழுதி வெச்சிருக்காரு, பாஃபோ பாஃபோன்னா குள்ளமான ஆள் கையும் காலும் ஆட விறுவிறுன்னு நடக்குறது. இத மொழிபெயர்த்து மனப்பாடம் பண்ணாதீங்க, கூட்டத்துல ஒருத்தர் நடந்து போறப்ப பையன்கிட்ட "இது எந்த நடை"ன்னு கேளுங்க, அடுத்த அர மணி நேரம் அந்த இடமே சிரிச்சிட்டு சொல்லித் தரும்.

நம்ம எழுத்து மட்டும் இதுக்கு உதவாது. நோட்டுல தமிழ்ல எழுதி வெச்சீங்கன்னா எல்லாம் ஒன்னாயிரும். க்பே, இது குரல், மொழிங்கிற சொல்லு. இன்னொரு க்பே இருக்கு, அது எவேல கல்லு. முதலாவது அதிர்ந்து வரும், ரெண்டாவது அதிராம வரும், தமிழ் எழுத்துல ரெண்டுக்கும் ஒரே க்பே தான். வாயில வர்ற விதமே வேற, உதட்ட ப சொல்ற மாதிரி மூடிட்டு அதே நேரத்துல தொண்டைல க சொல்லி ரெண்டையும் ஒன்னா விடணும், க முதல்ல ப பின்னாடின்னு வந்தா அது க்பே இல்ல. எவேல ரெண்டு வகை ஃப உண்டு, ரெண்டு வகை வ உண்டு, ஒன்னு பல்ல உதட்டுல வெச்சு, இன்னொன்னு ரெண்டு உதடும் கிட்டத்தட்ட மூடி ஊதுறது, எவேங்குற பேரே அந்த ரெண்டாவது வல தான், பல்ல வெச்சு எவேன்னா ரெண்டுன்னு ஆயிரும். அதனால கானா பக்கத்து எவே எழுத்து எழுதிப் பழகுங்க, ரோமன் எழுத்தோட ஏழெட்டு கூடுதல் எழுத்து தான், ஒரு வாரத்துல வந்துரும். ஸ்வரத்த அதுலயும் பெரும்பாலும் எழுத மாட்டாங்க, அதுக்கு வாய்ஸ் நோட் தான் ஒரே வழி.

டோகோ, பெனின் பக்கம் வாட்ஸாப்புல பிரெஞ்சு ஸ்பெல்லிங்லதான் அடிப்பாங்க, அது தனி குழப்பம். ஆள் பேர் லிஸ்ட்ட ஒத்துப் பாக்குறவங்களுக்கு சொல்றேன், கிழமை பேர் வெக்கிற பழக்கம் எல்லா பக்கமும் உண்டு, திங்கட்கிழமை பொறந்தவரு கோட்ஜோ, செவ்வாய் கோம்லா, புதன் கோக்கு, வியாழன் யாவோ, வெள்ளி கோஃபி, சனி க்வாமி, ஞாயிறு கோஸி. கானால ஒரு ஸ்பெல்லிங், லோமேல வேற, கோட்டனூல இன்னொன்னு. ஒரே ஊர்ல பத்து கோஃபி இருப்பாங்க, போன் நம்பரும் ஊர் பேரும் சேத்து எழுதாம காசு அனுப்பாதீங்க.

ஒரு விஷயத்துல மட்டும் வாய அடக்கணும். சவலூ பக்கம் பேசுறது மஹி. கேக்க ஃபோன் தான், மொழியியல் கணக்குலயும் ஃபோன் கூட்டத்துல தான் வருது. ஆனா அங்க போய் "ஓ நீங்களும் ஃபோன் தானே"ன்னு சொல்லாதீங்க. பழைய தாஹோமே ராஜ்யம் அபோமேல இருந்து மஹி ஊருங்க மேல திரும்பத் திரும்ப படையெடுத்து ஆளுங்கள பிடிச்சு கடலோரத்துல அடிமையா வித்திருக்கு, அது அங்க பாட்டி கதையா இன்னும் இருக்கு. மஹின்னே சொல்லுங்க, மஹில ஒரு வணக்கம் கேட்டு வெச்சுக்குங்க, அடுத்த தடவ உங்களுக்கு நாற்காலி தானா வரும். ஆகஸ்ட் 15ல யாம் கிழங்கு திருவிழா (நம்ம சேனைக்கிழங்கு இல்ல, இது வேற) சவலூல பெருசா நடக்கும், அப்ப போனா யாவாரம் பேசாம மனுஷங்கள பழகலாம். பக்கத்துல தாஸா போனீங்கன்னா அங்க பேசுறது இடாஷா, அது நைஜீரியாவோட யொரூபா மொழி பக்கத்து உறவு, நீங்க பிடிச்சு வெச்ச த்ஸ ஸ கணக்கெல்லாம் அங்க செல்லாது.

இந்த உறவு எப்படி பிரிஞ்சதுன்னு ஊர்ப் பெரியவர கேட்டா மொழி வரலாறே ஊர் பேரா வரும். கெட்டுங்குற ஊர்ல இருந்து தாடோ, தாடோல இருந்து ஒரு கூட்டம் அல்லாடா போய் அங்க இருந்து அபோமே, அது தான் ஃபோன்காரங்க ராஜ்யம். இன்னொரு கூட்டம் நோட்ஸேல மண் சுவருக்குள்ள அகோகோலிங்குற கொடுங்கோல் ராஜாகிட்ட மாட்டி, ராத்திரில சுவர ஒடைச்சு, தடம் தெரியாம இருக்க பின்னாடி நடந்தே வெளியேறினாங்களாம், அவங்க தான் எவே. ஆன்லோகால 1962ல இருந்து ஹோக்பெட்ஸோட்ஸோன்னு அத நவம்பர்ல விழாவா கொண்டாடுறாங்க. இந்தக் கதைய நீங்க கொஞ்சம் தெரிஞ்சு வெச்சு கேட்டாலே போதும், அதுக்கு அப்புறம் யோவோன்னு கூப்புடுறது நின்னு பேர் சொல்லி கூப்புடுவாங்க. யோவோன்னா வெள்ளக்காரன், கானா பக்கம் யேவு, நம்ம கலர்ல இருந்தாலும் நாம யோவோ தான்.

2024 ஏப்ரல்ல இருந்து பெனின் கச்சா முந்திரி ஏற்றுமதிய நிறுத்திருச்சு, இனிமே கொட்டைய அங்கயே உடைக்கணும், அதனால இப்ப வர்ற பசங்க பாதி பேர் க்ளோ ஜிக்பே தொழிற்பேட்டை பக்கம் ஃபேக்டரி வேலைக்கு வர்றாங்க. அவங்களுக்கு மினா வேண்டாம், நேரா ஃபோன். சீசன் பிப்ரவரில சூடு பிடிக்கும், அதுக்கு முன்னாடியே டிசம்பர்ல வந்துருங்க, அபோமே கலாவி யூனிவர்சிட்டில மொழி படிக்கிற பிள்ளைங்க கொஞ்சம் காசுக்கு நல்லா சொல்லித் தருவாங்க. அவங்ககிட்ட முதல் வாரம் வாக்கியம் எதுவும் கேக்காதீங்க, ஒன்னுல இருந்து நூறு வரைக்கும் எண்ணையும், வந்தான் வந்தானா வரல மூணையும் வாய்ஸ் நோட்டா வாங்கி, வண்டில போறப்ப கேளுங்க, திருப்பி பேசி அனுப்புங்க, தப்ப அவங்க திருத்தி அனுப்புவாங்க. அதுல தேறினதுக்கு அப்புறம் எடை மேடைக்கு போங்க.